ஒரு மணி நேரம் ஏ320 காக்பிட்டில்: சிமுலேட்டர் மையம் பற்றிய மதிப்புரை

எங்கள் ஊர்ப் புறவழிச்சாலையை ஒட்டி அண்மையில் திறக்கப்பட்ட விமான சிமுலேட்டர் மையத்தில், ஏர்பஸ் ஏ320 காக்பிட்டின் முழு அளவு மாதிரியில் ஒரு மணி நேரம் அமர 6,000 ரூபாய் வாங்குகிறார்கள். விமானத்தைத் தானே செலுத்தும் ஆட்டோபைலட் இருக்கும்போது விமானிக்கு என்ன வேலை என்று ஓயாமல் கேட்டுவந்த மகனையும் அழைத்துச் சென்றேன்.

சென்னையின் 07 ஓடுபாதையிலிருந்து கடலை நோக்கிக் கிளம்பினோம். இந்த விமானத்தைத் தரையிலிருந்து எழுப்புவது விமானியின் கைதான். 100 அடி உயரத்தைக் கடந்த பிறகே ஆட்டோபைலட்டை இயக்கலாம். மகன் இரண்டு ஆட்டோபைலட்டுகளில் முதலாவதற்கான ‘ஏபி 1’ பொத்தானை அழுத்தினான், பச்சை விளக்கு எரிந்ததும் விமானத்தைக் கையால் செலுத்தும் பக்கவாட்டுக் கோலான சைடுஸ்டிக்கிலிருந்து கையை எடுத்து, “அவ்வளவுதானா?” என்றான். வேலையே இனிமேல்தான் என்று சிரித்த பயிற்சியாளர், முன்கண்ணாடிக்குக் கீழே வரிசையாக இருந்த குமிழ்களைக் காட்டினார். திசைக்கான குமிழை உள்ளே அழுத்தினால் கணினியில் பதிந்துள்ள வழித்தடத்தில் விமானம் செல்லும். வெளியே இழுத்தால் நாம் திருகி வைத்த திசையில் செல்லும். எதைச் செய்தாலும், விமானம் எந்த முறையில் இயங்குகிறது என்று காட்டி விமானியின் முன்னுள்ள திரையின் உச்சியில் மாறும் எழுத்துகளை ஒரு விமானி வாய்விட்டுச் சொல்ல, மற்றவர் சரிபார்க்க வேண்டும்.

அதற்கான காரணத்தை அவர் விளக்கிய விதத்துக்கே கட்டணம் தகும். 1992 ஜனவரி 20 அன்று பிரான்சின் ஸ்ட்ராஸ்பூர் அருகே ஓர் ஏ320 மலையில் மோதி 87 பேர் இறந்தனர். 3.3 பாகைச் சரிவில் இறங்குவதாக எண்ணிய விமானிகள், இறக்கத்தை அமைக்கும் குமிழ் சரிவுக்குப் பதிலாக இறங்கு வேகத்துக்கான முறையில் இருந்ததைக் கவனிக்காமல், நிமிடத்துக்கு 3,300 அடி வீதம் இறங்கும்படி பணித்திருக்கக்கூடும் என விசாரணையாளர்கள் கருதினர். பயிற்சியாளர் அதையே செய்துகாட்டியபோது, உயரமானியின் எண்கள் சரசரவென்று குறைந்தன; விமானமோ ஒரு குலுக்கலும் இல்லாமல் சொன்னபடி கேட்டுக்கொண்டிருந்தது.

குறைகளும் உண்டு. தொடக்க விளக்கத்துக்கான 20 நிமிடமும் அந்த ஒரு மணி நேரத்துக்குள்தான் அடக்கம் என்பதை முன்பதிவின்போது சொல்லவில்லை. ஆகவே, இரண்டு ஆட்டோபைலட்டுகளும் சேர்ந்து செய்யும் தானியங்கித் தரையிறக்கத்தோடு எங்கள் நேரம் முடிந்தது. அதிலும், 10 அடியில் ‘ரிடார்ட்’ (விசையைக் குறை) என்ற குரல் கேட்டதும் பின்னிழுக்க வேண்டிய, இன்ஜின் விசைக்கான த்ரஸ்ட் லீவர் பாதி வழியில் சிக்கிக்கொண்டது. கையால் தரையிறக்கிப் பார்க்க விரும்புவோர் அதை முன்கூட்டியே சொல்லி, ஒன்றரை மணி நேரத்துக்குப் பதிவு செய்வது நல்லது.