கேன்யன் நாட்டுப் புத்தகங்கள்: எதை எதற்காகப் படிப்பது?

அமெரிக்காவின் யூட்டா, அரிசோனா மாநிலங்களில் கொலராடோ ஆறும் அதன் கிளைகளும் மணற்பாறையை ஆழமாக அறுத்துப் போட்டிருக்கும் பகுதிக்குக் கேன்யன் நாடு என்று பெயர். இந்த மண்ணைப் பற்றி நூறு ஆண்டுகளுக்கு மேலாக எழுதிக் குவித்திருக்கிறார்கள். புதிதாகப் படிக்கப் போகிறவர் ஒன்றைத் தெரிந்துகொண்டு இறங்குவது நல்லது. உண்மை அனுபவம் என்று பெயர் வாங்கிய இரண்டு பெரும் புத்தகங்கள் காலத்தைக் கலைத்து அடுக்கியவை. பாதையையும் ஊரையும் வரைபடம் வைத்துச் சரிபார்க்கும் அளவுக்கு எழுதியவர் ஒரு துப்பறியும் நாவலாசிரியர்.

முதலில் ஆற்றுப் பயணம். ஜான் வெஸ்லி பவல், உள்நாட்டுப் போரில் வலக்கையை இழந்தவர். 1869 மே 24 அன்று வயோமிங்கின் கிரீன் ரிவர் என்ற இடத்திலிருந்து, தன்னையும் சேர்த்துப் பத்துப் பேர், நான்கு படகுகளோடு கிளம்பினார். ஆகஸ்ட் 30 அன்று வர்ஜின் ஆறு கலக்கும் இடத்தில் கரையேறியபோது மிச்சம் ஆறு பேர், இரண்டு படகு. இந்தப் பயணத்தை அவர் 1875ல் அரசு அறிக்கையாகவும் 1895ல் விரிவான நூலாகவும் எழுதினார். நாட்குறிப்பு வடிவம், நிகழ்காலத்தில் ஓடும் நடை. தீ மூட்டிய கரையில் உட்கார்ந்து அன்றன்றைக்கு எழுதியது போலவே இருக்கும். உண்மையில் ஆற்றில் அவர் எழுதி வைத்தது சுருக்கமான குறிப்புகள்தான். அதைவிடப் பெரிய சிக்கல்: 1871, 72ல் அவர் இரண்டாம் முறை போனபோது கண்டவற்றையும் 1869க்குள்ளேயே போட்டுவிட்டார். இரண்டாம் பயணத்தில் உடன் வந்தவர்கள் பெயர்கூட நூலில் இல்லை.

அந்த விடுபட்டவர்களில் ஒருவர் பிரெடரிக் டெல்லன்பாக். கிளம்பும்போது வயது பதினேழு. 1908ல் அவர் எழுதிய 'எ கேன்யன் வாயேஜ்' பவலுக்கு நேர் போட்டி. நடையில் பவலின் கம்பீரம் கிடையாது. ஆனால் யார் எந்தப் படகில் இருந்தார்கள், என்ன சமைத்தார்கள், எந்த இடத்தில் படகைக் கயிறு கட்டி இறக்கினார்கள் என்பதெல்லாம் ஒழுங்காக இருக்கும். குறை ஒன்று உண்டு: இரண்டாம் குழு 1872 செப்டம்பரில் கனாப் ஓடை வாயிலேயே ஆற்றைவிட்டு ஏறிவிட்டது. அதற்குக் கீழே உள்ள கிராண்ட் கேன்யனுக்குப் பவலையே நம்ப வேண்டும். அல்லது முதல் பயணத்தில் இருந்த ஜார்ஜ் பிராட்லி யாருக்கும் தெரியாமல் எழுதி வைத்த நாட்குறிப்பைத் தேடிப் படிக்கலாம். 1947ல்தான் அது அச்சேறியது. பவலின் நூலில் பாறை அடுக்கின் அழகு விரியும் இடங்களில், பிராட்லியின் குறிப்பில் மாவு பூசணம் பிடிக்கிறது, பன்றிக்கறி கெட்டுப்போகிறது, தலைவர் பாறை பார்த்துக்கொண்டே நாளைக் கடத்துகிறார் என்ற எரிச்சல் ஓடுகிறது. இரண்டையும் பக்கத்தில் வைத்தால்தான், முடிய இரண்டே நாள் இருக்கும்போது ஆகஸ்ட் 28 அன்று மூன்று பேர் ஏன் பிரிந்து மேலேறிப் போனார்கள் என்பது புரியும். அவர்கள் திரும்பவில்லை.

பவலைத் தொடங்கிப் பாதியில் விடுகிறவர்கள் பெரும்பாலும் முதல் நான்கு அத்தியாயங்களிலேயே விடுகிறார்கள். 1895 நூலில் அவை நிலவியல் விளக்கம். படகு ஐந்தாவதில்தான் கிளம்புகிறது. ஐந்திலிருந்து பதினொன்று வரை படித்துவிட்டு, பன்னிரண்டையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அந்த மூவரைத் தாங்கள்தான் கொன்றோம், வேறு ஆட்கள் என்று தவறாக நினைத்துவிட்டோம் என ஷிவ்விட்ஸ் பழங்குடி மக்கள் சொன்னதாகப் பவல் எழுதுவது அங்கேதான். மொழிபெயர்ப்பாளர் வழியாக வந்த இந்த வாக்குமூலத்தைப் பிற்கால ஆய்வாளர்கள் எல்லோரும் ஏற்கவில்லை. பவல், டெல்லன்பாக் இரண்டுமே காப்புரிமை முடிந்தவை. குட்டன்பர்க் தளத்தில் இலவசம்.

அடுத்தது எட்வர்ட் ஆபி. 'டெசர்ட் சாலிடேர்' 1968ல் வந்தது. ஆர்ச்சஸ் அப்போது தேசியப் பூங்கா ஆகவில்லை; அங்கே அவர் 1956, 57 என இரண்டு பருவம் வனக்காவலராக இருந்தார். நூலில் இரண்டும் ஒரே பருவம். மனைவியும் குழந்தையும் சில காலம் உடனிருந்தும் புத்தகத்தில் வருபவன் தனியாள். ஆனாலும் நடையில் இந்த மண்ணைப் பற்றி எழுதிய யாரும் இவருக்குப் பக்கத்தில் வரவில்லை. கிளென் கேன்யன் அணையின் மதகுகளை மூடி நீரைத் தேக்கத் தொடங்கியது 1963ல். அதற்கு முன் அந்த ஆற்றில் மிதந்து போன அத்தியாயம் ஒன்று போதும். அந்த இடங்கள் பிறகு நீர்த்தேக்கத்துக்கு அடியில் போயின. சுற்றுலாத் துறையைத் திட்டும் அத்தியாயம் நீளம், ஒரே தொனி, தாண்டலாம். அவருடைய நாவலான 'தி மங்கி ரெஞ்ச் கேங்' (1975) ஜாலியானது. புல்டோசர் எஞ்சினில் மணலும் பாகும் கொட்டும் நாலு பேர் கதை. ஆழம் எதிர்பார்த்துப் போகக் கூடாது.

ஆபி நூலில் ஹவாசு என்ற அத்தியாயம் உண்டு. குறுக்கு வழி என்று ஒரு பக்கக் கேன்யனில் இறங்குகிறார். வழுவழுப்பான சரிவில் குளத்துக்குள் சறுக்கி விழுந்த பிறகுதான் தெரிகிறது, கீழே செங்குத்து, மேலே ஏறிப் போகவும் முடியாது. கேன்யனில் ஆட்கள் சிக்கும் விதமே இதுதான்: இறங்க முடிகிற பாறை எல்லாம் ஏற முடிகிற பாறை இல்லை. இந்த அத்தியாயத்துக்குப் போட்டி ஆரன் ரால்ஸ்டனின் 'பிட்வீன் எ ராக் அண்ட் எ ஹார்ட் பிளேஸ்' (2004). 2003 ஏப்ரல் 26 அன்று, யாரிடமும் சொல்லாமல், யூட்டாவின் புளூஜான் கேன்யனுக்குள் போகிறார். இடுக்கில் செருகி நின்ற ஒரு கல் புரண்டு வலக்கையைச் சுவரோடு நசுக்குகிறது. ஐந்து நாள் கழித்துக் கையை அறுத்துக்கொண்டு வெளியே வருகிறார்.

ஆபி சிக்கியதைச் சில பக்கத்தில் முடித்துவிட்டுச் சிரிக்கிறார். ரால்ஸ்டன் பொறியாளர், அவரிடம் எல்லாம் செயல்முறை. கல்லைத் தூக்கக் கயிற்றை மடக்கி மடக்கி ஒரு இழுவை அமைப்புக் கட்டுகிறார். கணக்குப்படி பல மடங்கு விசை கிடைக்க வேண்டும். ஆனால் கப்பி கிடையாது. கயிறு காரபைனர் வளையங்களில் உரசிக்கொண்டு போகிறது. ஒவ்வொரு திருப்பத்திலும் உராய்வு விசையைத் தின்றுவிட, முந்நூறு கிலோவுக்கு மேற்பட்ட கல் அசையவே இல்லை. மழுங்கிய கத்தி தோலை அறுக்கும், எலும்பை அறுக்காது. எலும்பை உடைக்க நெம்புகோல் போலக் கையையே முறுக்க வேண்டும் என்று கடைசியில்தான் தோன்றுகிறது. இலக்கியமாகப் பார்த்தால் ஆபி. கேன்யனுக்குள் உண்மையிலேயே நடக்கப் போகிறவர் படிக்க வேண்டியது ரால்ஸ்டன். அந்த நூலில் சிக்கிய கதையும் அவருடைய பழைய மலையேற்றங்களும் மாறி மாறி வரும். பழையவற்றைத் தாண்டினால் நட்டமில்லை, ஆனால் ஆள் எப்படிப்பட்டவர் என்பது அவற்றில்தான் இருக்கிறது. இந்தக் கதையைத் தமிழ்நாட்டில் பலரும் அறிந்தது 2010ல் வந்த '127 ஹவர்ஸ்' வழியாக, இசை ஏ.ஆர்.ரஹ்மான். படம் கயிறு வேலையை வேகமாகக் கடந்துவிடுகிறது.

நாவல்களுக்கு வருவோம். ஜேன் கிரேயின் 'ரைடர்ஸ் ஆஃப் தி பர்பிள் சேஜ்' (1912) தான் இந்த நிலத்தைக் கௌபாய் கதைகளின் மேடையாக்கியது. 1871ல் நடக்கும் கதை, மார்மன் (யூட்டாவில் குடியேறிய ஒரு கிறித்தவப் பிரிவு) மூப்பர்கள் வில்லன்கள், ஒளிந்திருக்கும் பள்ளத்தாக்கு, உருளக் காத்திருக்கும் பாறை. அந்தப் பாறை எதற்கு இருக்கிறது என்று பாதியிலேயே தெரிந்துவிடும். வசனம் இன்றைக்குக் கனக்கிறது. மார்மன்களை ஒரே வண்ணத்தில் தீட்டியதை எச்சரிக்கையோடு படிக்க வேண்டும். இடப்பெயர்களை வரைபடத்தில் தேட வேண்டாம்.

தேட வேண்டிய ஆசிரியர் டோனி ஹில்லர்மன். 'எ தீஃப் ஆஃப் டைம்' (1988) அவருடைய நவஹோ பழங்குடிப் போலீஸ் வரிசையில் நடுவில் வருவது, ஆனாலும் இதிலிருந்தே தொடங்கலாம். மனைவியை இழந்து ஓய்வுபெறப் போகும் லீப்ஹார்ன், பாரம்பரியச் சடங்குப் பாடகராகப் பயிலும் இளம் சீ, காணாமல் போன ஒரு மானிடவியலாளர். சான் வான் ஆற்றங்கரைக் கேன்யன் இடிபாடுகளில் பானை தோண்டித் திருடுகிறவர்கள்தான் தலைப்பில் வரும் திருடர்கள். இறந்தவர்கள் இருந்த இடத்தை நவஹோக்கள் ஏன் தவிர்க்கிறார்கள் என்பது இங்கே வெறும் தகவலாக வருவதில்லை. காவலருக்கு அந்த இடிபாட்டுக்குள் போவதே சங்கடம், அதில் கதை நகர்கிறது. ஹில்லர்மன் நவஹோ அல்லர். நவஹோ அரசு 1987ல் அவரைக் கௌரவித்தது, அதே சமயம் வெளியாள் சொன்ன கதை என்ற விமர்சனமும் உண்டு. லீப்ஹார்ன் தன் அலுவலகச் சுவரில் குண்டூசி குத்தி வைத்திருப்பது அமெரிக்க வாகன ஓட்டிகள் சங்கம் வெளியிட்ட இண்டியன் கன்ட்ரி வரைபடம். அதே வரைபடத்தைப் பக்கத்தில் விரித்துக்கொண்டு படித்தால் கதையில் வரும் சாலைகள் விரல் நுனியில் ஓடும்.

இதே பானைப் பிரச்சினையை அறுபது ஆண்டு முன்பே எழுதியவர் வில்லா கேதர். 'தி ப்ரொஃபஸர்ஸ் ஹவுஸ்' (1925) நாவலின் நடுப்பகுதியில் டாம் அவுட்லண்ட், பாறைக்குள் கட்டிய நகரம் ஒன்றைக் கண்டுபிடிக்கிறான். அவன் வாஷிங்டனில் அதிகாரிகளிடம் அலைந்துவிட்டுத் திரும்புவதற்குள் கூட்டாளி எல்லாவற்றையும் ஒரு ஜெர்மானியனுக்கு விற்றுவிடுகிறான். அந்த நகரத்துக்கு மாதிரி, கொலராடோ மாநிலத்தில் உள்ள மெசா வெர்டே. அங்கே 1891ல் ஸ்வீடனைச் சேர்ந்த நோர்டன்ஷோல்ட் தோண்டி எடுத்துப் போனவை பின்லாந்து அருங்காட்சியகத்துக்குப் போய்ச் சேர்ந்தன. ஹில்லர்மனில் திருடன் யார் என்று கடைசியில் தெரியும். கேதரில் திருடன் யார் என்பதே தெளிவில்லை, விற்ற கூட்டாளிக்கு அது நண்பனுக்குச் செய்த உதவி. இரண்டில் ஒன்றுதான் என்றால் கேதர். நடுப்பகுதியை மட்டும் தனியாகவும் படிக்கலாம்.

கடைசியாக ஒரு தடித்த புத்தகம்: கெவின் ஃபெடார்கோவின் 'தி எமரால்ட் மைல்' (2013). 1983 ஜூனில் பனி ஒரேயடியாக உருகி, கிளென் கேன்யன் நீர்த்தேக்கம் விளிம்பு வரை வந்தது. உபரிநீர்ச் சுரங்கங்களைத் திறந்ததும் அதிவேக நீரில் அழுத்தம் குறைந்து ஆவிக் குமிழ்கள் உண்டாகி, அவை சுருங்கி உடையும் அடியில் கான்கிரீட்டும் பாறையும் பெயர்ந்தன. மதகுகளின் மேல் ப்ளைவுட் பலகை வைத்து நீரைத் தடுத்தார்கள்; பிறகு அதற்குப் பதில் இரும்பு. அந்த வெள்ளத்தில் மூன்று பேர் துடுப்புப் படகில் கிராண்ட் கேன்யனின் 277 மைலை 36 மணி 38 நிமிடத்தில் கடந்தார்கள். படகுக் கதைக்காக வாங்குகிறவர்கள் 1540ல் வந்த ஸ்பானியர்களைப் பற்றிய தொடக்கப் பக்கங்களிலேயே சோர்ந்துவிடுகிறார்கள், படகு கிளம்பவே அவ்வளவு பக்கம் ஆகிறது. அவர்கள் அணைப் பொறியாளர்கள் வரும் பகுதியில் தொடங்கி, ஓட்டம் முடிந்த பிறகு முன்பகுதிக்குத் திரும்பலாம்.