அரை மீட்டரில் பட்டாம்பூச்சி: பென்டாக்ஸ் பபிலியோ 2 பைனாகுலர்

உண்ணிச்செடியில் கருப்பு இறக்கையும் சிவப்புப் பொட்டுமாக ஒன்று தேன் குடித்துக்கொண்டிருக்கிறது. சிவப்புடல் அழகியா, அதைப் போல வேடம் கட்டிய கறிவேப்பிலை அழகியின் பெண்ணா? இறக்கையை மட்டும் பார்த்தால் ஏமாறுவோம். வயிறும் தலையும் சிவப்பென்றால் முன்னது, உடல் கருப்பென்றால் பின்னது. அது படபடத்துக்கொண்டே குடிப்பதால் வெறும் கண்ணுக்கு உடல் பிடிபடாது. பறவை பார்க்கும் பைனாகுலரை எடுத்தால் அவ்வளவு கிட்டத்தில் ஃபோகஸே ஆகாது. இந்தச் சங்கடத்தைத் தீர்க்கவே வந்த கருவி பபிலியோ. கறிவேப்பிலை அழகியும் எலுமிச்சை அழகியும் சேர்ந்த பேரினத்தின் பெயரையே இதற்கு வைத்திருக்கிறார்கள்.

6.5×21, 8.5×21 என இரண்டு வகை. முதல் எண் உருப்பெருக்கம், இரண்டாவது முன் வில்லையின் விட்டம் மில்லிமீட்டரில். இரண்டும் சுமார் 300 கிராம்தான், சட்டைப் பைக்குச் சற்றுப் பெரியது. இரண்டுமே அரை மீட்டர் வரை கிட்டத்தில் ஃபோகஸ் ஆகும். வழக்கமான 8×42 பலவற்றுக்கும் ஒன்றரை மீட்டரிலிருந்து மூன்று மீட்டர்தான் எல்லை.

கிட்ட ஃபோகஸ் செய்வது மட்டும் பெரிய வித்தையில்லை. இரண்டு குழாய்களும் நேராக முன்னே பார்ப்பதால், பொருள் நெருங்க நெருங்க இடக்கண்ணுக்கும் வலக்கண்ணுக்கும் வெவ்வேறு இடம் தெரியும். இரண்டு வட்டங்களும் ஒன்று சேராமல் தலை வலிக்கும். பபிலியோவில் ஃபோகஸ் சக்கரத்தைத் திருப்பத் திருப்ப முன் வில்லைகள் இரண்டும் ஒன்றையொன்று நோக்கி நகர்கின்றன, மூக்கருகே விரலைக் கொண்டுவந்தால் நம் கண்கள் உள்நோக்கித் திரும்புவதைப் போல. வில்லைகள் நகர இடம் வேண்டும் என்பதால் அவற்றின் முன்னால் ஒரே கண்ணாடிச் சன்னல் போட்டு மூடியிருக்கிறார்கள். அதைத்தான் துடைக்கிறோம், வில்லையை அல்ல.

இனி கணக்கு. அரை மீட்டரில் 6.5 மடங்கு என்றால், வெறும் கண்ணை 7.7 சென்டிமீட்டருக்குக் கொண்டுபோய்ப் பார்ப்பதற்குச் சமம். அவ்வளவு கிட்டத்தில் பெரும்பாலான பெரியவர்களின் கண்ணுக்கு ஃபோகஸே கிடையாது. நல்ல 8×42 ஒன்றில் இரண்டு மீட்டரில் பார்த்தால் 25 சென்டிமீட்டருக்குச் சமம். ஆக, விலையில் பெரிய கருவி செய்ய முடியாததை இந்தச் சின்னது செய்கிறது. தூரத்துப் பறவைக்கு மட்டும் நேர்மாறு: மரத்தின் உச்சிக்கிளையில் இருப்பதை இதில் தேடிக்கொண்டிருக்காதீர்கள்.

எதை வாங்குவது? தயங்காமல் 6.5. பார்வைப் பரப்பு 6.5-ல் 7.5 டிகிரி, 8.5-ல் 6 டிகிரி. அரை மீட்டரில் இது ஏறக்குறைய 6.5 சென்டிமீட்டர், 5.2 சென்டிமீட்டர் அகலம். இறக்கை விரித்த அழகி ஒன்று 6.5-ன் வட்டத்துக்குள்ளேயே முழுசாக அடங்காது, 8.5-ல் இன்னும் குறைவாகத்தான் தெரியும். கைநடுக்கமும் எட்டரை மடங்காகும். அதைவிட முக்கியம் வெளிச்சம்: 21-ஐ உருப்பெருக்கத்தால் வகுத்தால் கண்ணுக்கு வரும் ஒளிக்கற்றையின் விட்டம், 6.5-ல் 3.2 மில்லிமீட்டர், 8.5-ல் 2.5. சோலைக்காட்டு நிழலில் இந்த வித்தியாசம் நன்றாகத் தெரியும். 8.5 வாங்கியவர்கள் பெரும்பாலும் எண்ணைப் பார்த்து வாங்கியவர்கள்.

கையில் வந்ததும் முதலில் செய்ய வேண்டியது: இடக்கண்ணால் மட்டும் பார்த்து நடுச் சக்கரத்தால் ஒரு செய்தித்தாள் எழுத்தைத் தெளிவாக்குங்கள், பிறகு வலக்கண்ணால் பார்த்து, வலது கண்வில்லையில் உள்ள, இரு கண்களின் பார்வை வித்தியாசத்தைச் சரிசெய்யும் டயாப்டர் வளையத்தை மட்டும் திருப்புங்கள். இதைச் செய்யாமல் “ஒரு கண் மங்கல்” என்று திருப்பி அனுப்புபவர்கள் உண்டு. இன்னொன்று, தூரத்துப் பொருளுக்குக் கண்வில்லைகளை விரித்த அகலத்திலேயே அரை மீட்டருக்கு வந்தால் ஓரம் கருக்கும். கண்கள் உள்நோக்கித் திரும்பியிருப்பதால் கருவியையும் ஒரு துளி மடக்க வேண்டும்.

களத்தில் பலரும் பட்டாம்பூச்சிக்குக் கிட்டே போய்விட்டு அப்புறம் பைனாகுலரைத் தூக்குகிறார்கள். அந்தக் கையசைவில்தான் அது பறக்கும். மூன்று மீட்டரிலேயே கருவியைக் கண்ணில் வைத்துவிட்டு, நிழல் அதன்மேல் விழாத பக்கமாக, அரையடி அரையடியாக முன்னே போங்கள். கிட்டத்தில் தெளிவாகத் தெரியும் ஆழம் மிகக் குறைவு. இறக்கை நுனி தெளிந்தால் உடல் மங்கும். அப்போது சக்கரத்தைத் திருகிக்கொண்டிருக்காமல் இடுப்பிலிருந்து உடம்பை முன்னும் பின்னும் ஆட்டுவதே வேகமானது. சக்கரம் தோராயத்துக்கு, உடம்பு நுணுக்கத்துக்கு.

ஆற்றோர ஈரமணலில் உப்புக்காகக் கூடும் ஆண் கூட்டங்கள் இதற்கென்றே அமைந்த காட்சி. நின்றபடியே ஒன்றரை மீட்டரில் ஒவ்வொன்றாகப் பார்த்துப் போகலாம், கூட்டம் கலையாது.

ஆனால் கருவியின் காசு திரும்பக் கிடைப்பது புல்தரையில்தான். விரல் நகம் அளவுக்கு இருக்கும் நீலன் வகைப் பட்டாம்பூச்சிகளை வலைபோட்டுப் பிடித்து இனம் பார்ப்பதுதான் பழைய வழக்கம். பிடித்தால் செதில் உதிரும். பாதுகாக்கப்பட்ட காடுகளில் அனுமதியில்லாமல் பிடிக்கவும் கூடாது. இப்போது குனிந்து பார்த்தாலே போதும். இறக்கை மூடியிருக்கும்போது முன்னிறக்கை அடிப்புறத்தின் உட்பகுதியில் ஒரு புள்ளி இருந்தால் பெரும்பாலும் டார்க் கிராஸ் புளூ, அந்தப் புள்ளி இல்லையென்றால் லெஸ்ஸர் கிராஸ் புளூ. முன்னிறக்கையின் மேல்விளிம்பை ஒட்டி இரண்டு குட்டிப் புள்ளிகள் இருந்தால் டைனி கிராஸ் புளூ. பின்னிறக்கை பாதி மறைத்திருந்தால் காத்திருக்கத்தான் வேண்டும், எந்தக் கருவியும் உதவாது.

வெந்தய வரியனும், அதைப் போலவே இருக்கும் சொக்கனின் பெண்ணும் அடுத்த சோதனை. பின்னிறக்கையின் நடுவில் மூன்று, நான்கு கரும்புள்ளிகள் இருந்தால் வரியன். மேல்விளிம்பில் ஒன்றே ஒன்றென்றால் சொக்கன். அந்த நான்காவது புள்ளி ஆண் வரியனுக்கு மட்டும் உள்ள வாசனைப் பை, சற்றுப் புடைத்திருப்பது இதில் தெரியும். பருப்புக்கீரைப் பாத்தியைச் சுற்றித் தாழப் பறப்பது பெரும்பாலும் முட்டையிட வந்த சொக்கன்தான்.

காய்ந்த கிலுகிலுப்பைச் செடியில் ஆண் வரியன்களும் கருப்பன்களும் ஈ மொய்ப்பது போல் மொய்க்கும். அந்தச் சாற்றில் உள்ள ஆல்கலாய்டு அவற்றுக்குத் தற்காப்பு, இணையை ஈர்க்கும் வாசனைக்கும் அதுவே மூலப்பொருள். இறக்கை விரியும்போது முன்னிறக்கை மேற்புறத்தைப் பாருங்கள்: ஒற்றைத் தழும்பு வெண்புள்ளிக் கருப்பன், இரட்டைத் தழும்பு அதன் நெருங்கிய உறவு. அக்டோபர், நவம்பரில் இவை கிழக்குச் சமவெளியிலிருந்து மேற்குத் தொடர்ச்சி மலைக்குத் திரும்பும்போது எந்த இனம் எத்தனை என்று எழுத இந்த வித்தியாசம் வேண்டும். பறந்து கடப்பவற்றை எண்ண மட்டும் வெறும் கண்ணே போதும். பபிலியோவை மடியில் வைத்துவிடுங்கள்.

பாதை நடந்து கணக்கெடுப்பவர்களுக்கும் இது தோது. இருபுறமும் இரண்டரை மீட்டர், முன்னால் ஐந்து மீட்டர் என்ற கற்பனைப் பெட்டிக்குள் இருப்பதை மட்டும் எண்ணும் முறையில், எண்ண வேண்டியவை எல்லாம் இந்தக் கருவியின் எல்லைக்குள்ளேயே வரும்.

குறைகளைச் சொல்லாமல் விடக் கூடாது. வட்டத்தின் ஓரம் மங்கும், வெள்ளை இறக்கையின் விளிம்பில் ஊதா நிறம் கசியும். கண்ணாடி அணிந்தவர்களுக்கு 15 மில்லிமீட்டர் கண் தூரம் (முழு வட்டமும் தெரிய கண்வில்லையிலிருந்து கண் இருக்கக்கூடிய தூரம்) சமாளிக்கலாம் என்ற அளவுதான். குழாய்க்குள் பார்ப்பது போன்ற குறுகலும் பழகத்தான் வேண்டும். கைபேசியைக் கண்வில்லையில் வைத்துப் படமெடுக்கலாம், அடையாளத்துக்குப் போதும், சுவரில் மாட்ட முடியாது. முட்டையிடுவதையோ கூட்டிலிருந்து வெளிவருவதையோ உட்கார்ந்து பார்ப்பதென்றால் முக்காலியில் பொருத்திவிடுங்கள்.

எல்லாவற்றையும்விடப் பெரிய குறை, இது நீர்புகாக் கருவி அல்ல. வால்பாறை மழையில் கழுத்தில் தொங்கவிட்டால் உள்ளே பனி படியும், பிறகு பூஞ்சை. பூஞ்சை வில்லைப் பூச்சையே அரித்துவிடும். நடை முடிந்ததும் ஈரப் பையோடு மூடி வைக்காதீர்கள். துணிப்பைதான் ஈரத்தைப் பிடித்துவைக்கும். கருவியை மட்டும் எடுத்து, ரப்பர் விளிம்புள்ள சமையலறை டப்பாவில் சிலிக்கா ஜெல்லோடு வையுங்கள். நீல மணிகள் இளஞ்சிவப்பானால் சட்டியில் மிதமான சூட்டில் வறுத்துத் திரும்பப் போடலாம். டீட் கலந்த கொசு மருந்தைத் தடவிய கையால் தொடவே வேண்டாம். பிளாஸ்டிக்கை அது இளக்கும்.

பழைய பபிலியோ கைமாறி வந்தால் வில்லை அமைப்பு ஏறக்குறைய அதேதான், 2-ல் பூச்சு தேறியிருக்கிறது. வாங்கும் முன் கண்வில்லைப் பக்கம் டார்ச் அடித்து முன் சன்னல் வழியாக உள்ளே பாருங்கள். சிலந்தி வலை போல் நூல் தெரிந்தால் எவ்வளவு மலிவாகச் சொன்னாலும் வைத்துவிட்டு வாருங்கள். நூல் இல்லையென்றால் சக்கரத்தை ஒரு கோடியிலிருந்து மறுகோடி வரை மெதுவாகத் திருப்பி, இரண்டு வில்லைகளும் சேர்ந்தே நகர்கின்றனவா என்று பாருங்கள்.