விரலை எங்கே வைப்பது? வீட்டாவின் லாஞ்ச் கேம்கள், இன்றைய நிலவரம்

சோனியின் கையடக்க கேம் கன்சோலான பிஎஸ் வீட்டா, பழையது ஒன்றை வாங்கிய நண்பர் கேட்டது ஒரே கேள்விதான்: லாஞ்ச் சமயத்தில் வந்த கேம்களில் இப்போதும் உட்கார்ந்து ஆடும்படி எது இருக்கிறது? பட்டியலை எடுத்தாலே கோபம்தான் முதலில் வருகிறது. கேம்கள் மேல் அல்ல, கன்சோலின் முதுகில் இருக்கும் டச்பேட் மேல்.

வீட்டா வெளிவந்தது ஜப்பானில் 2011 டிசம்பர் 17, அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் 2012 பிப்ரவரி 22. புதிய மெஷினில் இரண்டு அனலாக் ஸ்டிக், முன்னால் டச், பின்னால் டச், மெஷினைச் சாய்ப்பதை உணரும் ஜைரோ, இரண்டு கேமரா. இத்தனையும் இருக்கிறது என்று காட்டியே ஆக வேண்டிய கட்டாயத்தில் எழுதப்பட்ட கேம்கள் ஒரு பக்கம், அதைக் கண்டுகொள்ளாமல் தன் வேலையைப் பார்த்த கேம்கள் இன்னொரு பக்கம். இத்தனை வருடம் கழித்து எடுத்தால், இரண்டாவது வகைதான் முகம் சுளிக்காமல் ஆட முடிகிறது.

முதலில் கையை எப்படி வைக்கிறோம் என்று பாருங்கள். ஆள்காட்டி விரல்கள் எல், ஆர் பட்டன்களில். நடுவிரல்கள் பின்னால் இருக்கும் குழிவில். மோதிர விரலுக்கும் சுண்டு விரலுக்கும் இடம் இல்லை. ஐந்து நிமிடம் ஆனதும் அவை தானாக உள்ளே நழுவி டச்பேடின் ஓரத்தில் உட்கார்ந்துகொள்ளும். கை பெரிதாக இருந்தால் உடனேயே. கேம் அதை ஒரு கட்டளையாக எடுத்துக்கொள்ளும். சிக்கலே இதுதான்.

இதன் உச்சம் லாஞ்சில் வந்த கால்பந்து கேம் ஃபிஃபா. பின்பக்க டச்பேடை அப்படியே கோல் போஸ்ட் என்று வைத்துக்கொண்டார்கள். மேல் இடது மூலையைத் தொட்டால் பந்து மேல் இடது மூலைக்கு. எவ்வளவு நேரம் அழுத்துகிறோமோ அவ்வளவு வேகம். கேட்க அருமையான யோசனை. நடப்பது என்னவென்றால், மிட்ஃபீல்டில் பந்தை வைத்துக்கொண்டு பாஸுக்கு ஆள் தேடும்போது மோதிர விரல் பட்டு, முப்பது கஜத்திலிருந்து ஒரு சொத்தை ஷாட் போகும். பந்து எதிரணி கோல்கீப்பர் கையில். செட்டிங்ஸில் கன்ட்ரோல் பகுதிக்குப் போய் பின்பக்க டச்சை அணைத்துவிடுங்கள், முதல் மேட்சுக்கு முன்பே. அணைத்த பிறகு அது நல்ல ஃபிஃபா. அணைப்பதற்கு முன் அது ஃபிஃபாவே அல்ல.

அடுத்தது புதையல் தேடும் சாகச கேம், அன்சார்ட்டட்: கோல்டன் அபிஸ். பெண்ட் ஸ்டுடியோ செய்தது. கையடக்க மெஷினில் இப்படி ஒரு காடு, இப்படி ஒரு வெளிச்சம் அப்போது யாரும் பார்த்ததில்லை. திரையின் 960x544 அளவை விடக் குறைந்த ரெசல்யூஷனில்தான் ஓடுகிறது. விளிம்புகள் கொஞ்சம் மங்கலாகத் தெரியும். ஐந்து அங்குல ஓலெட் திரையில் அது பெரிதாக உறுத்தவில்லை. உறுத்துவது வேறு.

சிலைகளையும் பழம்பொருட்களையும் துடைக்கச் சொல்கிறது: முன்னால் விரலால் தேய்த்துக்கொண்டே பின்னால் இன்னொரு விரலால் பொருளைத் திருப்ப வேண்டும். கல்வெட்டின் மேல் காகிதம் வைத்துக் கரியால் தேய்க்கச் சொல்கிறது. மரக்கட்டையின் மேல் நடக்கும்போது கதாநாயகன் டிரேக் தடுமாறினால் மெஷினையே சாய்த்து நிமிர்த்த வேண்டும். படுத்துக்கொண்டு ஆடுபவர்கள் அங்கே உட்கார்ந்துதான் ஆக வேண்டும். இதெல்லாம் ஒரு தடவை ரசிக்கலாம். சேகரிப்புப் பொருட்களை எல்லாம் எடுக்க நினைப்பவர்களுக்குத் தேய்ப்பதே ஒரு தனி வேலையாகிவிடும்.

இதில் பொறுமையைச் சோதிப்பது வெளிச்சப் புதிர். ஒரு பழைய தாளில் மறைந்திருக்கும் எழுத்தைப் படிக்க, வீட்டாவை நிஜமான விளக்கு வெளிச்சத்தில் காட்டச் சொல்லும். ஸ்கிப் கிடையாது. பின்பக்கக் கேமரா வெறும் 0.3 மெகாபிக்சல். எதிர்ச்சுவரில் இருக்கும் பல்பைக் காட்டினால் அதற்குப் போதவில்லை. வழி எளிது: ஃபோனில் வெள்ளைப் பக்கம் ஒன்றைத் திறந்து, பிரைட்னஸை முழுதாக ஏற்றி, கேமரா லென்ஸுக்கு முன்னால் ஒட்டினாற்போல் பிடியுங்கள். அல்லது டேபிள் லேம்புக்குக் கிட்டே கொண்டுபோங்கள். கேமராவின் பார்வை முழுக்க வெளுக்க வேண்டும், அவ்வளவுதான். அப்படியும் நகரவில்லையென்றால் கேஸைக் கழற்றுங்கள். சில சிலிக்கான் கேஸ்கள் லென்ஸின் ஓரத்தை மறைக்கும். இரவில் விளக்கணைத்துவிட்டு ஆடுபவர்கள் இந்த இடத்தில் எழுந்து போய் சுவிட்சைத் தேட வேண்டும் என்பதை யோசித்தவர்கள் யார் என்று தெரிந்தால் நன்றாக இருக்கும்.

கடைசிச் சண்டையும் இதே ரகம். அதுவரை துப்பாக்கியும் ஸ்டிக்குமாக வந்த கேம், முடிவில் திரையில் அம்பு காட்டும் திசையில் விரலை இழுக்கச் சொல்கிறது. தவறவிட்டால் மறுபடி. வியர்வை இருந்தால் விரல் வழுக்காமல் இடறும், பாதி ஸ்வைப் பதிவாகாது. திரையைத் துடைத்துவிட்டு, நடுவில் நீளமாக, ஒரே இழுப்பாக இழுங்கள். சொரசொரப்பான ஸ்கிரீன் கார்டு ஒட்டியிருந்தால் இன்னும் கஷ்டம்.

நியாயமாகச் சொன்னால், ஜைரோ எய்ம் மட்டும் உண்மையிலேயே உருப்படியான சேர்க்கை. ஸ்டிக்கால் தோராயமாகக் குறிவைத்து, மெஷினை லேசாகத் திருப்பித் தலையில் பொருத்தலாம். வீட்டாவின் குட்டி ஸ்டிக்குகளுக்கு அது பெரிய உதவி. அதை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதை விட்டிருக்கலாம்.

இதே பிரச்சினையை ஒரு சின்ன டவுன்லோடு கேம் எவ்வளவு அழகாகத் தீர்த்தது என்று பார்த்தால் எரிச்சல் கூடுகிறது. ஹவுஸ்மார்க் ஸ்டுடியோவின் விண்கலச் சுடும் கேம், சூப்பர் ஸ்டார்டஸ்ட் டெல்டா. டெல்டா மோடில் மிசைலுக்குத் திரையைத் தொடுவது, முன்னும் பின்னும் விரல் வைத்துக் கருந்துளையை உண்டாக்குவது என்று எல்லா வித்தையும் உண்டு. பக்கத்திலேயே ப்யூர் மோட்: இரண்டு ஸ்டிக், ஒரு பாம், முடிந்தது. வித்தை வேண்டுபவருக்கு வித்தை, வேண்டாதவருக்கு கேம். ஒரு மெனு வரியில் முடிகிற விஷயம்.

பிளாக் அடுக்கும் புதிர் கேமான லூமினஸ்: எலக்ட்ரானிக் சிம்பொனி பற்றிச் சுருக்கமாகச் சொல்ல வராது. 16க்கு 10 கட்டம், இரண்டு நிறம், இரண்டுக்கு இரண்டு பிளாக், பாட்டோடு நகரும் கோடு. 2004இல் வீட்டாவுக்கு முந்தைய கையடக்க மெஷினான பிஎஸ்பியின் லாஞ்சிலும் லூமினஸ்தான் இருந்தது. அந்த அடிப்படையில் கை வைக்கவில்லை. இதில் அவதார் சக்தியின் மீட்டரை ஏற்றப் பின்பக்கத்தைத் தட்டலாம். தட்டாவிட்டாலும் ஆடலாம். ஹெட்ஃபோன் மட்டும் கட்டாயம். ஸ்பீக்கரில் கேட்டால் பேஸ் காணாமல் போய், கோடு எப்போது வரும் என்ற கணக்கே தவறும். ஓலெட்டின் கறுப்பில் பிளாக்குகள் மின்னுவதைப் பார்த்தவர்கள் பின்னால் வந்த எல்சிடி திரை வீட்டாவில் ஆடினால் ஒரு குறை தெரியும். அதே சமயம் இருட்டான காட்சிகளில் பழைய ஓலெட்டில் திட்டுத் திட்டாகக் கறை தெரிவதும் உண்மை. பேனல் கெட்டுவிட்டது என்று பயப்பட வேண்டாம், அந்தப் பேனல்களில் அது சகஜம்.

ரேஸ் கேமான வைப்அவுட் 2048 கண்ணுக்கு விருந்து. தடங்கள் அகலமாக, நகரத் தெருக்களில் ஓடுகின்றன. கேம் கார்டில் வந்த முதல் பதிப்பில் லோடிங் நேரம் கொடுமை. பின்னால் வந்த பேட்ச் நன்றாகக் குறைத்தது. லைவ் ஏரியாவில் (கேமைத் திறந்ததும் வரும் முகப்புத் திரை) அப்டேட் ஐகானை அழுத்தி பேட்சை இறக்காமல் ஆரம்பிக்காதீர்கள். இதைச் செய்த ஸ்டுடியோ லிவர்பூல் அதே 2012 ஆகஸ்டில் மூடப்பட்டது என்பது இன்னும் வருத்தம். குதித்து ஓடும் கேமான ரேமன் ஆரிஜின்ஸ் கார்ட்டூன் ஓவியம் மாதிரி துல்லியமாக ஓடுகிறது. டிவி கன்சோலில் இருந்த கூட்டாக ஆடும் வசதி மட்டும் வீட்டாவில் இல்லை. லிட்டில் டீவியன்ட்ஸ் பின்பக்கத்தை விரலால் முட்டித் தரையைத் தூக்கும் கேம். டெமோ போதும்.

வாங்குவதற்கு முன் ஒரு விஷயம். மெமரி கார்டு சோனியின் சொந்த வகை. சாதாரண மைக்ரோ எஸ்டி அப்படியே சேராது. கார்டு ஒரு பிஎஸ்என் (சோனியின் ஆன்லைன் சேவை) கணக்கோடு கட்டுப்பட்டது. வேறொருவர் கார்டு வந்தால் ஃபார்மேட் செய்தே ஆக வேண்டும், உள்ளே இருப்பதெல்லாம் போய்விடும். 4 ஜிபி கார்டைத் தொடவே வேண்டாம். கோல்டன் அபிஸை டவுன்லோடாக வாங்கினால் அது ஒன்றே மூன்று ஜிபிக்கு மேல். வீட்டா கேம்களை டிவியில் ஓட்டும் பெட்டியான பிளேஸ்டேஷன் டிவியில் ஆடலாம் என்று நினைத்தால் அங்கே கோல்டன் அபிஸ் அதிகாரபூர்வமாக ஓடாது. கேமராவும் டச்சும் இல்லாத பெட்டியில் வெளிச்சப் புதிரை எப்படிப் போடுவது? பின்பக்கம் தவறிப் படும் தொல்லைக்கு, இரண்டு ஓரத்திலும் உள்ளங்கை நிறையும்படி வரும் கிரிப் ஒன்றை மாட்டுங்கள். விரல்கள் டச்பேடை விட்டு விலகிவிடும். ஆனால் பின்பக்கம் தொடச் சொல்லும் இடங்களில் அதே கிரிப் குறுக்கே நிற்கும்.

ஆக, குறை சொல்ல இடமில்லாதவை லூமினஸ், ஸ்டார்டஸ்ட், ரேமன். நண்பருக்கு முதலில் வாங்கச் சொன்னது கோல்டன் அபிஸ். மேலே திட்டியதில் ஒரு வரியையும் திரும்பப் பெறவில்லை. ரேமன் வேறு பல மெஷின்களில் கிடைக்கும். 2015இல் பிஎஸ்4க்கு வந்த அன்சார்ட்டட் தொகுப்பில் கோல்டன் அபிஸைச் சேர்க்கவில்லை. அதை ஆட வீட்டாவைத்தான் எடுத்தாக வேண்டும். கார்டில் இடம் போதாமல் பின்னால் அதை அழிக்க நேர்ந்தால் ஒன்று ஞாபகம் இருக்கட்டும்: முகப்பில் இருக்கும் கேமின் பபிளை (வட்ட ஐகான்) அழித்தால் சேவ் டேட்டாவும் சேர்ந்தே அழியும். முதலில் வீட்டாவில் இருக்கும் கன்டென்ட் மேனேஜர் வழியாகக் கணினிக்கு ஒரு பேக்கப் எடுத்துக்கொள்ளுங்கள். அந்த வெளிச்சப் புதிரை இரண்டாவது முறை போட யாருக்கும் பொறுமை இருக்காது.