முன் கண்ணாடி வெயிலுக்கு எது: கருப்பு ஃபிலிமா, ‘எழுபது’ ஃபிலிமா, வெள்ளித் தட்டியா?

பழைய கார் வாங்கியபோது டேஷ்போர்டில் ஒரு பிள்ளையாரும் எல்லாக் கண்ணாடியிலும் கருப்பு ஃபிலிமும் சேர்ந்தே வந்தன. பிள்ளையாரை எடுக்க மனசு வரவில்லை, ஃபிலிமை எடுக்கச் சோம்பல். அப்படியே ஓட்டிக்கொண்டிருந்தேன். ஒரு நாள் திருமங்கலம் தாண்டியதும் கைகாட்டி நிறுத்தினார்கள். ஆர்.சி. சரி, இன்சூரன்ஸ் சரி. கண்ணாடியை விரலால் தட்டிக் காட்டினார் போலீஸ்காரர். “வாங்கும்போதே இருந்துச்சு சார்” என்றேன். “ஓட்டுறது நீங்கதானே சார்?” என்றார். 500 ரூபாய்.

மோட்டார் வாகனச் சட்டத்தின் 177-வது பிரிவில் முதல் தடவைக்கு அவ்வளவுதான். மறுபடி மாட்டினால் 1,500. 2019 திருத்தத்துக்கு முன்பு இது 100 ரூபாயாக இருந்தது. அதனால்தான் அந்தக் காலத்தில் ஃபிலிம் ஒட்டியவர்கள் அபராதத்தையும் ஒரு டோல் மாதிரிக் கட்டிவிட்டுப் போனார்கள்.

அபராதத்தைவிடப் பெரிய தொல்லை அதற்கு அப்புறம்தான் ஆரம்பித்தது. ஃபிலிமை உரித்தாயிற்று, மதுரை வெயிலுக்கு என்ன செய்வது? ஒரு மாதம் கடை கடையாக ஏறி இறங்கியதில் வழிகள் நான்கு என்று தெரிந்தது: பழையபடி கருப்பு ஃபிலிம், கடைக்காரர்கள் ‘லீகல்’ என்று விற்கும், இருட்டு குறைவான ‘எழுபது’ ஃபிலிம், வெயிலைத் தடுக்கும்படியே தயாரித்த கண்ணாடி, நிறுத்தும்போது விரிக்கிற வெள்ளித் தட்டி.

கருப்பு ஃபிலிம்

இதை அதிகம் அலச வேண்டியதில்லை. மத்திய மோட்டார் வாகன விதிகள், 1989-ன் 100-வது விதி என்ன சொல்கிறது? முன் கண்ணாடியும் பின் கண்ணாடியும் குறைந்தது 70 சதவீதம் வெளிச்சத்தை உள்ளே விட வேண்டும், பக்கக் கண்ணாடிகள் குறைந்தது 50. இந்த எண்ணைத்தான் கடைகளில் ‘விஎல்டி’ என்கிறார்கள். எண் பெரிதாக இருந்தால் கண்ணாடி தெளிவு, சிறிதாக இருந்தால் இருட்டு.

ரொம்ப நாளாக இந்த 70, 50-க்குள் வரும் ஃபிலிம் ஒட்டலாம் என்றுதான் எல்லோரும் நினைத்திருந்தார்கள். அவிஷேக் கோயங்கா தொடுத்த பொதுநல வழக்கில், தலைமை நீதிபதி எஸ்.எச்.கபாடியா தலைமையிலான உச்ச நீதிமன்ற அமர்வு 2012 ஏப்ரல் 27 அன்று அதை மாற்றியது. விதி பேசுவது தயாரிக்கப்பட்ட கண்ணாடியைப் பற்றி. அதன்மேல் பிறகு ஒட்டுவதைப் பற்றி இல்லை என்றது நீதிமன்றம். கம்பெனியே 70, 50 அளவில் சாயமேற்றிய கண்ணாடி போட்டு விற்கலாம். நாம் வாங்கிவந்து, எந்த அளவிலும், கருப்பு ஃபிலிமோ வேறு பொருளோ ஒட்டக் கூடாது. மே 4-ம் தேதி முதல் நாடு முழுக்க அமல். உயர் பாதுகாப்பு வளையத்தில் இருப்பவர்களுக்கு மட்டும், அதுவும் தனிக் குழு பார்த்து அனுமதித்தால்தான், விலக்கு.

முன் கண்ணாடியின் உச்சியில் பட்டையாக ஒட்டும் ‘சன் பேண்ட்’கூட ஃபிலிம்தான். நிறைய பேர் அதைக் கணக்கில் சேர்ப்பதே இல்லை.

சட்டத்தை விடுங்கள், வெயிலுக்காவது இது உதவுகிறதா? அரைகுறையாக. சூரியனிலிருந்து வரும் ஆற்றலில் கண்ணுக்குத் தெரிவது பாதிக்கும் குறைவு, பாதியளவு அகச்சிவப்பு. மலிவான சாய ஃபிலிம் கண்ணுக்குத் தெரிவதைத்தான் அதிகம் மறிக்கிறது. அது உறிஞ்சிய சூட்டில் கண்ணாடியே கொதித்து, ஒரு பங்கை உள்ளேயும் அனுப்புகிறது. இருட்டாக இருப்பதால் குளுமை மாதிரித் தோன்றும், அவ்வளவுதான். ராத்திரி மழையில் எதிரே லாரி ஹைபீம் போட்டு வரும்போது அந்த இருட்டுக்கு விலை கொடுக்க வேண்டிவரும். ரோட்டோரம் விளக்கில்லாத மாட்டுவண்டியை ஒரு தடவை கடைசி நிமிஷத்தில் பார்த்திருக்கிறேன்.

‘எழுபது’ ஃபிலிம்

நிஜமான குழப்பம் இங்கேதான்.

“அண்ணே, இது எழுபது. கவர்மென்ட் சொன்ன அதே எழுபது. யாரும் கேக்க மாட்டாங்க” என்றார் கடைத் தம்பி. நானோ செராமிக், அகச்சிவப்பு 95 சதவீதம் கட், புற ஊதா 99 சதவீதம் கட் என்று அடுக்கினார். அகச்சிவப்பு பல்பு ஒன்றை எரியவிட்டு, வெறும் கண்ணாடிக்குப் பின்னால் கையை வைக்கச் சொன்னார், சுட்டது. ஃபிலிம் ஒட்டிய கண்ணாடிக்குப் பின்னால் வைக்கச் சொன்னார், சுடவில்லை. அசந்துதான் போனேன். வீட்டுக்கு வந்து யோசித்தபோதுதான் உறைத்தது: அந்த பல்பிலிருந்து வருவதில் பெரும்பகுதி அகச்சிவப்பு, சூரியனில் அது பாதிதான். பல்பை வைத்துக் காட்டும் வித்தை வெயிலில் அதே அளவுக்குப் பலிக்காது. தவிர ‘95 சதவீதம்’ என்பதைப் பெரும்பாலும் ஒரு குறுகிய அலைநீளத்தில் அளந்துதான் சொல்வார்கள். கேட்க வேண்டிய எண், மொத்தச் சூரிய ஆற்றலில் எவ்வளவு தடுக்கிறது என்பது, அதாவது டிஎஸ்இஆர். அதைக் கேட்டதும் தம்பி கேட்லாக்கைத் தேடப் போய்விட்டார்.

புற ஊதாக் கதை இன்னும் வேடிக்கை. முன் கண்ணாடி என்பது இரண்டு கண்ணாடித் தகடுகளுக்கு நடுவே பிளாஸ்டிக் ஏடு வைத்து ஒட்டியது. அந்த ஏடே புற ஊதாவை ஏறக்குறைய முழுக்க நிறுத்திவிடும். பக்கக் கண்ணாடிக்கு வேண்டுமானால் அந்தப் பேச்சு பொருந்தும், முன்னால் இல்லை.

சரி, மறுபடி கடைக்குப் போனேன். கல்லாவில் இருந்தவரிடம் மீட்டர் இருக்கிறதா என்று கேட்டேன். இருந்தது, தூசி படிந்து. உள்ளே ஒரு துண்டு, வெளியே ஒரு துண்டு, காந்தம் இரண்டையும் நேருக்கு நேர் இழுத்துப் பிடிக்கும். எதுவும் ஒட்டாத என் முன் கண்ணாடியில் வைத்தோம்: 77. தம்பி அந்த ‘எழுபது’ ஃபிலிமின் சாம்பிளை நடுவில் பிடித்தார். 58.

அவரே இரண்டு தடவை துடைத்துவிட்டு வைத்துப் பார்த்தார். 58-தான்.

இதில் மர்மம் ஒன்றுமில்லை. கார் கண்ணாடி ஏற்கெனவே லேசாகப் பச்சை. வெளிச்சத்தில் கால்வாசியை அதுவே எடுத்துக்கொள்கிறது. மிச்சத்தில்தான் ஃபிலிம் கைவைக்கிறது. 77-ஐ 0.70-ஆல் பெருக்கினால் கிட்டத்தட்ட 54. ஃபிலிம் கம்பெனிகள் தங்கள் எண்ணைப் பொதுவாகத் தெளிந்த கண்ணாடியில் ஒட்டி, அதையும் சேர்த்து அளப்பதால் நிஜத்தில் நாலைந்து புள்ளி கூடுகிறது. எப்படிப் பார்த்தாலும் 70-ஐத் தொடவில்லை. விதி கேட்பது கண்ணாடியும் ஃபிலிமும் சேர்ந்த எண்ணை. டப்பாவில் அச்சடித்திருப்பது ஃபிலிமின் எண்.

அதே சாம்பிளைப் பக்கக் கண்ணாடியில் பிடித்தோம். வெறும் கண்ணாடி 74, ஃபிலிமோடு 55. அங்கே தேவை 50-தானே? தாராளமாகப் பாஸ். ஒரே ஃபிலிம், பக்கவாட்டில் அளவுக்குள், முன்னால் அளவுக்கு வெளியே. கடையில் இதை யாரும் பிரித்துச் சொல்வதில்லை, ‘ஃபுல் கார்’ என்று ஒரே ரேட் போட்டு நாலு பக்கமும் ஒட்டிவிடுகிறார்கள்.

முன்னால் ஒட்டியே தீர வேண்டும் என்றால் கிட்டத்தட்ட நிறமே தெரியாத, 88 அல்லது 90 என்று குறித்த ஃபிலிம் வேண்டும். அந்தச் சாம்பிளுக்கு மீட்டர் 74 காட்டியது. விலை முதலாவதைப்போல இரண்டு மடங்கு.

அளவுக்குள் வந்துவிட்டால் மட்டும் சட்டப்படி சரியா? 2012 தீர்ப்பை அப்படியே எடுத்துக்கொண்டால் இல்லை, ஏனென்றால் எந்த அளவிலும் ஒட்டக் கூடாது என்பதுதான் அது. ஆனால் விதி பிறகு மாறியது. 2021 ஏப்ரல் 1 முதல் 100-வது விதியில் ‘பாதுகாப்புக் கண்ணாடி’ என்பதோடு ‘சேஃப்டி கிளேஸிங்’ என்ற சொல்லும் சேர்ந்தது. 2019-ல் புதுப்பித்த, வண்டிக் கண்ணாடிகளுக்கான ஐஎஸ் 2553 என்ற இந்தியத் தரநிலை, உள்பக்கம் பிளாஸ்டிக் ஏடு ஒட்டிய கண்ணாடியையும் அந்தப் பெயருக்குள் கொண்டுவருகிறது. இதை வைத்து ஃபிலிம் தயாரிக்கும் ஒரு கம்பெனியும் மற்றவர்களும் கேரள உயர் நீதிமன்றம் போனார்கள். 2024 செப்டம்பரில் நீதிபதி என்.நகரேஷ், தரநிலைக்கு உட்பட்டு, முன்னும் பின்னும் 70, பக்கத்தில் 50 இருந்தால் ஒட்டலாம், அபராதம் போடக் கூடாது என்றார். கம்பெனிதான் ஒட்ட வேண்டும், வண்டிக்காரர் ஒட்டக் கூடாது என்ற வாதத்தையும் அவர் ஏற்கவில்லை. இதே கேரளத்தில்தான் 2021 ஜனவரியில் ‘ஆபரேஷன் ஸ்கிரீன்’ என்று பேர் வைத்து, ஃபிலிமும் திரைச்சீலையும் தொங்கும் வண்டிகளைத் தேடித்தேடிப் பிடித்தார்கள்.

அந்தத் தீர்ப்பை இங்கே எடுத்துக்காட்டி வாதாடலாம். ஆனால் கேரள உயர் நீதிமன்றம் சொன்னது என்பதற்காகத் தமிழ்நாட்டில் ரோட்டில் நிற்பவர் அதன்படி நடக்கக் கட்டாயமில்லை. செங்கோட்டையில் மலை இறங்கியதும் உங்கள் கையில் இருப்பது ஒரு நல்ல வாதம், அவ்வளவுதான். 500 ரூபாய்க்காக அந்த வாதத்தை வெயிலில் நின்று செய்யத் தயாரா என்பது அவரவர் பொறுமை. நான் தயாரில்லை.

ஒட்டுகிறவர்கள் கவனிக்க இரண்டு விஷயம். உலோகத் துகள் கலந்த ஃபிலிம் ரேடியோ அலையை மறிக்கும். ஃபாஸ்டேக் முன் கண்ணாடியில்தான் இருக்கிறது, கப்பலூர் டோலில் பின்னால் ஹாரன் அடிப்பவர்களுக்குப் பதில் சொல்ல வேண்டிவரும். புது கார்களில் கண்ணாடிக்குப் பின்னால் கேமராவோ மழை சென்சாரோ இருந்தால் அந்த இடத்தை வெட்டி ஒதுக்கிவிட்டுத்தான் ஒட்ட வேண்டும்.

வெளியே எப்படி?

70 என்பது நம் ஊர்க் கெடுபிடி இல்லை. சிங்கப்பூரில் முன் கண்ணாடிக்கு 70, முன் கதவுகளுக்கும் 70. பின் கதவுகளும் பின் கண்ணாடியும் 25 வரை இருட்டாகலாம். மலேசியாவில் 2019 மே மாதத்திலிருந்து முன் கண்ணாடி 70, முன் கதவு 50, பின்பக்கம் முழுவதும் எவ்வளவு கருப்பானாலும் சரி. முன்னாலும் இதைவிட இருட்டு வேண்டுவோர் விண்ணப்பித்து, அனுமதி கிடைத்தால் இரண்டு வருஷத்துக்கு 5,000 ரிங்கிட் கட்ட வேண்டும். பிரிட்டன் இன்னும் கறார்: 1985 ஏப்ரல் 1 முதல் ஓடத் தொடங்கிய கார்களுக்கு முன் கண்ணாடி 75.

பின்பக்கத்தில்தான் ஊருக்கு ஊர் தாராளம் வேறுபடுகிறது, ஓட்டுபவரின் முன்னால் யாரும் அவ்வளவாக இறங்கிவரவில்லை. பின் சீட்டில் குழந்தை இருப்பவர்களுக்கு மலேசிய முறைதான் உகந்தது என்பது என் எண்ணம். நம் விதி பின் கண்ணாடிக்கும் 70 கேட்பது கொஞ்சம் அதிகம்தான்.

கண்ணாடியையே மாற்றுவது

அகச்சிவப்பை உறிஞ்சும் முன் கண்ணாடி சில கார்களில் கம்பெனியிலிருந்தே வருகிறது. சட்டப்படி இதைவிடச் சுத்தமான வழி இல்லை, மூலையில் ஐஎஸ்ஐ முத்திரையோடு இருக்கும் கண்ணாடியே அதுதான் என்பதால். புது கார் வாங்குபவர்கள் வேரியன்ட் பட்டியலில் இதைத் தேடிப் பார்க்கலாம். என் மாதிரிப் பழைய காருக்காக நல்ல கண்ணாடியைக் கழற்றி எறிவதில் அர்த்தமில்லை. கல் பட்டு உடைந்து மாற்றும் நாள் வந்தால் அப்போது கேட்டுக்கொள்ளலாம்.

வெள்ளித் தட்டி

கடைசியில் நான் வாங்கியது இதைத்தான். இருநூற்றைம்பது ரூபாய். நிறுத்தும்போது முன் கண்ணாடிக்கு உள்ளே, வெள்ளிப் பக்கம் வெளியே பார்க்க விரித்து, மேலே இரண்டு வெயில் மறைப்புகளையும் இறக்கிவிட்டால் நிற்கும். சாய்ந்த முன் கண்ணாடி வழியாக வரும் வெயிலை முதலில் வாங்குவது டேஷ்போர்டு. அது சூடாகித்தான் காருக்குள் அடுப்பு மூட்டுகிறது. தட்டி அந்த வெயிலை டேஷ்போர்டில் விழுமுன்பே திருப்பி அனுப்புகிறது. ஸ்டியரிங்கைத் துணி வைத்துப் பிடித்த காலம் போயிற்று. நிற்கும் வண்டியில் விரிப்பதால் 100-வது விதியோடும் மோதல் இல்லை.

ஓடும்போது இது உதவாது, உண்மைதான். ஆனால் ஓடும்போது ஏ.சி. இருக்கிறதே. கிளம்பியதும் நாலு கண்ணாடியையும் இறக்கி ஒரு நிமிஷம் ஓட்டிவிட்டு ஏ.சி. போட்டால் பாதி வேலை முடிந்தது. பக்கக் கண்ணாடிகளுக்கான வலைத் திரையும் வாங்கினேன், நிறுத்தும்போது மட்டும் போடுகிறேன். ஓடும்போது அதை விட்டுவைத்தால் ஒருவர் சும்மா விடுவார், அடுத்தவர் சலான் போடுவார்.

தட்டியின் ஒரே குறை அதை மடக்குவது. எட்டுப்போல முறுக்கி வட்டமாகச் சுருட்ட வேண்டும். என் மனைவிக்கு மூன்று விநாடி, எனக்கு இன்னும் கைவரவில்லை. பாதி விரிந்தபடியே பின் சீட்டில் எறிகிறேன்.

கருப்பு ஃபிலிமை உரித்தவர் பின் கண்ணாடியையும் பிளேடு வைத்தே சுரண்டினார். பனி நீக்கும் ஹீட்டர் கோடுகள் அந்தக் கண்ணாடியின் உள்பக்கம் மெல்லியதாகப் பதிந்திருக்கும். ஹேர் டிரையரால் சூடாக்கி மெதுவாக இழுத்திருக்க வேண்டும். பிளேடில் கோடுகள் அறுந்ததால், இப்போது கொடைக்கானல் ஏறினால் பின் கண்ணாடியில் மற்ற இடமெல்லாம் தெளிந்த பிறகும் குறுக்கே இரண்டு பட்டை மட்டும் வெள்ளையாக நிற்கும்.