ஜியோஜீப்ராவும் டெஸ்மோஸும்: கணித வகுப்பறையிலிருந்து ஒரு மதிப்பீடு

பத்தாம் வகுப்பில் இருபடிச் சார்பின் வரைபடத்தை நடத்தும்போது ஆண்டுதோறும் ஒரு கேள்வியைக் கேட்பது என் வழக்கம். எக்ஸ் வர்க்கத்தின் கெழு ஏ, எக்ஸின் கெழு பி, மாறிலி சி என்று வைத்துக்கொண்டு, ஏ, சி இரண்டையும் தொடாமல் பி-யை மட்டும் மாற்றினால் பரவளையம் எப்படி நகரும்? வகுப்பில் பெரும்பாலோர் "பக்கவாட்டில் நகரும்" என்றுதான் சொல்வார்கள். பணிக்கு வந்த புதிதில் நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன். ஜியோஜீப்ரா என்ற கணித மென்பொருளில் அந்தச் சார்பைத் தட்டச்சு செய்தால் மூன்று கெழுக்களுக்கும் ஸ்லைடர்கள், அதாவது இழுத்து மதிப்பை மாற்றும் பட்டைகள், வந்துவிடுகின்றன. வளைவின் முனைப் புள்ளியைக் குறித்து, அது போகும் தடத்தைக் காட்டும்படி அமைத்துவிட்டு, பி-யின் ஸ்லைடரை மெல்ல இழுத்தால், முனை வலப்பக்கக் கீழிருந்து ஏறி, ஒய் அச்சில் உச்சியைத் தொட்டு, இடப்பக்கமாக இறங்குகிறது. அது விட்டுச்சென்ற தடமோ அதே அளவில் கவிழ்த்து வைத்த இன்னொரு பரவளையம். கரும்பலகையில் இதைக் காட்ட ஏழெட்டு வளைவுகளையாவது வரைய வேண்டியிருக்கும். அவற்றை வரைந்து முடிப்பதற்குள் பாடவேளை முடிந்திருக்கும்.

இத்தகைய இணையக் கருவிகளில் நான் தொடர்ந்து பயன்படுத்தி வருபவை ஜியோஜீப்ரா, டெஸ்மோஸ் ஆகிய இரண்டு. முன்னது 2001இல் ஆஸ்திரியாவின் சால்ஸ்பர்க் பல்கலைக்கழகத்தில் மார்க்கஸ் ஹோகன்வார்ட்டர் தம் முதுகலை ஆய்வுக்காகத் தொடங்கியது. பின்னது 2011இல் எலி லுபெராஃப் அமெரிக்காவில் தொடங்கிய நிறுவனத்தின் வரைபடக் கணிப்பான். வணிக நோக்கமில்லாத பயன்பாட்டுக்கு ஜியோஜீப்ரா இலவசம். டெஸ்மோஸ் கணிப்பானுக்கும் கட்டணம் கிடையாது. தமிழ்நாட்டுப் பாடநூல்களில் 2018 முதல் வந்த புதிய பதிப்புகளைப் புரட்டியவர்களுக்கு முதலாவதன் பெயர் பழக்கமானதாகவே இருக்கும். பாடத்தின் முடிவில் "இணையச் செயல்பாடு" என்ற தலைப்பில் விரைவுக் குறியீட்டோடு அச்சிடப்பட்டிருப்பவற்றில் பல ஜியோஜீப்ரா பணித்தாள்கள்தாம். அந்தப் பக்கத்தைத் தாண்டிப் போய்விடும் ஆசிரியர்களும் உண்டு என்பது வேறு கதை.

வடிவியலைப் பொறுத்தவரை ஜியோஜீப்ராவுக்கு நிகராக நான் வேறொன்றைப் பார்க்கவில்லை. காரணம், அதில் வரைந்த படத்தை இழுத்துப் பார்க்கலாம் என்பதே. ஒருமுறை மாணவர்களைச் சதுரம் ஒன்று அமைக்கச் சொன்னேன். ஒருவர் கட்டக்கோடுகளைப் பார்த்து நான்கு புள்ளிகளை வைத்து, கண்ணுக்கு அழகான சதுரத்தை ஒரு நிமிடத்தில் முடித்துவிட்டார். இன்னொருவர் ஒரு பக்கத்தை வரைந்து, அதன் முனைகளில் செங்குத்துக்கோடுகள் எழுப்பி, அந்தப் பக்கத்தின் நீளத்தையே ஆரமாகக் கொண்டு வட்டம் போட்டு, பத்து நிமிடம் எடுத்துக்கொண்டார். இருவரும் தத்தம் படத்தின் ஒரு மூலையைப் பிடித்து இழுத்தபோது முதலாமவரின் சதுரம் கோணல்மாணலான நாற்கரமாகிவிட்டது; இரண்டாமவருடையதோ பெருத்தது, சிறுத்தது, சுழன்றது, ஆனால் சதுரமாகவே இருந்தது. சதுரம் போலத் தெரிவதும் சதுரமாக இருப்பதும் ஒன்றல்ல என்பதை நான் வாயால் சொல்ல வேண்டிய தேவையே அன்று ஏற்படவில்லை.

ஒன்பதாம் வகுப்பில் வரும் முக்கோணத்தின் நான்கு மையங்களுக்கும் இந்த இழுப்பு மிகவும் பொருந்துகிறது. விரிகோணமாக இழுத்தால் செங்கோட்டு மையமும் சுற்றுவட்ட மையமும் முக்கோணத்துக்கு வெளியே போய்விடுகின்றன. செங்கோண முக்கோணமானால் முன்னது செங்கோண உச்சியிலும் பின்னது கர்ணத்தின் நடுவிலும் போய் அமர்கின்றன. எப்படி இழுத்தாலும் அவ்விரண்டும் நடுக்கோட்டு மையமும் ஒரே நேர்க்கோட்டில் நிற்பதையும், உள்வட்ட மையம் மட்டும் ஒதுங்கி நின்று, முக்கோணம் இருசமபக்கமாகும்போது வந்து சேர்ந்துகொள்வதையும் யாராவது ஒரு மாணவர் தாமாகவே கவனித்துவிடுவார். அது ஆய்லர் கோடு என்று பெயர் சொல்வது அதற்குப் பிறகு போதும். மையங்களை நேரடியாகத் தரும் கட்டளையும் மென்பொருளில் இருக்கிறது. அதை நான் வகுப்பில் காட்டுவதில்லை. நடுக்குத்துக்கோடுகளைத் தாமே வரையாத மாணவருக்கு அந்தப் புள்ளி வெறும் பொட்டுதான்.

அளவீடுகளில் ஒரு சிக்கல் உண்டு. கோணங்களை இரண்டு தசம இடத்துக்குத் திருத்திக் காட்டுவதே ஜியோஜீப்ராவின் இயல்பான அமைப்பு. ஒரு முறை திரையில் 47.35, 62.13, 70.53 என்று மூன்று கோணங்கள் தெரிந்தன. கூட்டிப் பார்த்த ஒரு மாணவர், "180.01 வருகிறதே சார், தேற்றம் தவறா?" என்று கேட்டார். மூன்றாவது தசம இடத்தை மேல்நோக்கித் திருத்தியதால் சேர்ந்த மிச்சம் அது. தெரியாத ஆசிரியரை இது திணறடிக்கும். தெரிந்தவருக்கோ, எத்தனை முக்கோணங்களை அளந்தாலும் அது நிரூபணம் ஆகாது என்று சொல்ல இதைவிட நல்ல வாய்ப்பு கிடைக்காது. ஆகவே இதைக் குறையாக எழுதுவதா நிறையாக எழுதுவதா என்பதில் எனக்கே குழப்பம்தான்.

வரைபடங்கள் என்று வந்தால் என் கை டெஸ்மோஸுக்குத்தான் போகிறது. சமன்பாட்டை எழுத எழுத வளைவு உருவாகிறது, பிழையாக எழுதினால் என்ன பிழை என்று சொல்கிறது, எழுத்துகள் நோட்டில் எழுதுவதைப் போலவே பின்னமாகவும் அடுக்காகவும் அமைகின்றன. எக்ஸ் வர்க்கத்திலிருந்து ஒன்றைக் கழித்து, அதை எக்ஸ் கழித்தல் ஒன்றால் வகுக்கும் சார்பை இதில் வரைந்தால் நேர்க்கோடு வரும். எக்ஸ் ஒன்றாக இருக்குமிடத்தைத் தொட்டால் அங்கே வெற்று வட்டம் தோன்றி, மதிப்பு வரையறுக்கப்படவில்லை என்று காட்டுகிறது. எல்லை மதிப்புப் பாடத்தைத் தொடங்க இந்த ஒரு வட்டம் போதும். ஜியோஜீப்ராவில் வரைந்தவுடன் ஓட்டை இருப்பது தெரியாது. கண்ணுக்குக் கோடு முழுதாகவே தெரியும். பார்வைக் குறைபாடுள்ள மாணவர்களுக்காக வளைவின் ஏற்ற இறக்கத்தைச் சுருதியின் ஏற்ற இறக்கமாக ஒலித்துக் காட்டும் வசதியும் டெஸ்மோஸில் இருக்கிறது. சைன் வளைவை ஒருமுறை கண்ணை மூடிக் கேட்டுப் பாருங்கள்.

குறைகளுக்கு வருகிறேன். ஜியோஜீப்ரா ஒரே பெயரில் வரைபடம், வடிவியல், முப்பரிமாணம், கிளாசிக் என்று பல செயலிகளாகக் கிடப்பதால், புதிதாக வருபவர் எதைத் திறப்பதென்று தெரியாமல் தடுமாறுகிறார். பொதுவெளியில் பிறர் பதிவேற்றிய பணித்தாள்கள் ஏராளம். அவற்றில் நல்லதைத் தேடி எடுப்பதற்குள், நாமே ஒன்றைச் செய்துவிடலாம். கைபேசித் திரையில் விரல் நுனியே புள்ளியை மறைத்துவிடுவதால் இழுக்கும் வேலைக்குக் கணினியோ பெரிய பலகைக்கணினியோ வேண்டும். இணையத்தை நம்பி வகுப்புக்குப் போய், நடுவில் இணைப்பு அறுந்து, முப்பது பேருக்கு முன்னால் சுழலும் வட்டத்தைப் பார்த்துக்கொண்டு நின்ற அனுபவமும் எனக்கு உண்டு. அன்றிலிருந்து, இணையமின்றி இயங்கும் கிளாசிக் 5 பதிப்பைக் கணினியில் நிறுவியே வைத்திருக்கிறேன். 2021 டிசம்பரில் ஜியோஜீப்ராவைப் பைஜூஸ் என்ற இந்திய இணையவழிக் கல்வி நிறுவனம் வாங்கியது. 2022இல் டெஸ்மோஸின் பாடத்திட்டப் பகுதி ஆம்ப்ளிஃபை நிறுவனத்துக்குப் போய், கணிப்பான் தனி நிறுவனமாகப் பிரிந்தது. இப்படி உரிமை கைமாறும் உலகில் நம் பணித்தாள்களை அவர்களுடைய சேமிப்பில் மட்டும் விட்டுவைக்காமல் ஒரு படியை நம் கணினியிலும் இறக்கி வைப்பது நல்லது.

இவற்றையெல்லாம்விடப் பெரிய குறை கருவியில் இல்லை, நம்மிடம் இருக்கிறது. ஆசிரியர் ஸ்லைடரை இழுக்க, மாணவர்கள் வேடிக்கை பார்த்தால் அது சினிமாவாகிவிடுகிறது. எதை மாற்றினால் என்ன நடக்கும் என்று முதலில் நோட்டில் எழுதச் சொல்லிவிட்டு, பிறகே திரையைத் தொடுகிறேன்.

மேல்நிலை வகுப்புகளுக்குக் கூம்பு வளைவுகள் நடத்துவோர் ஜியோஜீப்ராவின் முப்பரிமாணச் செயலியை விட்டுவிட வேண்டாம். கூம்பைத் தளம் வெட்டும் இடத்தில் நீள்வட்டம் நீண்டுகொண்டே போய் அதிபரவளையமாக மாறுவதைச் சுற்றிச் சுழற்றிப் பார்க்கலாம். ஆரம் 2, உயரம் 3 என்று கூம்பை அமைத்து, அச்சோடு தளம் சாயும் கோணத்துக்கு ஸ்லைடர் வைத்துக் கொடுத்தேன். 33.7 பாகையில் மிக நீண்ட நீள்வட்டம்; 33.6 பாகையில் அதிபரவளையம். நடுவில் வர வேண்டிய பரவளையத்தைக் காணோம். "இது நிக்கவே மாட்டேங்குது சார்" என்று ஸ்லைடரோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்த மாணவரிடம், எந்தக் கோணத்தில் நிற்க வேண்டும் என்று கணக்குப் போட்டுச் சொல்லுமாறு கேட்டேன். தளம் கூம்பின் பக்கக்கோட்டுக்கு இணையாக இருக்க வேண்டும், அந்தக் கோணத்தின் டான் மதிப்பு மூன்றில் இரண்டு என்று கண்டுபிடித்து, ஸ்லைடரை விட்டுவிட்டு நேர்மாறு டான் சார்பைத் தட்டச்சு செய்தார். பரவளையம் வந்தது.