'கேஜ்' என்று தேடினால் அடகு வருகிறது: ஓர் அகராதிச் செயலி

இந்த இலவச ஆங்கில-தமிழ் அகராதிச் செயலிக்கு ஐந்துக்கு மூன்று. நெட் இல்லாமலும் ஓடும், உச்சரிப்பு தெளிவு. ஆனால் திருப்பூர் பனியன் கம்பெனிகளுக்கு 'கேஜ்' என்ற ஒரே சொல்லில் காலை வாருகிறது.

அளவைக் குறிக்கும் இந்தச் சொல்லின் வழக்கமான எழுத்து ஜி-ஏ-யு-ஜி-இ. அமெரிக்க பையரின் (துணி வாங்குபவரின்) ஸ்பெக் ஷீட்டில், அதாவது ஆர்டர் விவரத் தாளில், இது சில சமயம் 'யு' இல்லாமல், ஜி-ஏ-ஜி-இ என்று வரும். அப்படியே தட்டினால் 'பணயம், அடகு' என்கிறது. பழைய பொருள் அதுதான்; மார்ட்கேஜ் என்பதன் வாலில் இருப்பதும் இதே சொல். அளவு என்ற பொருளைத்தான் காணோம்.

நிட்டிங்கில் (பின்னலாடை நெசவில்) கேஜ் என்றால் ஓர் இஞ்சுக்கு எத்தனை ஊசி என்ற கணக்கு. 30 இஞ்ச் டயா (விட்டம்), 24 கேஜ் வட்ட மிஷினில் 30 × 3.14 × 24, சுமார் 2,260 ஊசி. கேஜ் ஏற ஏற மெல்லிய நூல்தான் ஓடும். கோவைப் பட்டறைகளின் தகட்டு கேஜ் வேறு கணக்கு, அது கனத்தைச் சொல்வது.

செயலியில் 'யு' சேர்த்து இன்னொரு முறை தேடுங்கள், சரியான பொருள் வரும். பதில் மெயிலில் பையர் எழுதிய எழுத்தையே வையுங்கள். பிரிட்டன் பையருக்கு 'யு' விட்டால் பிழையாகப் படும்.