ஏழு வருஷம் கழித்து வந்த ஹாக்கி இந்தியா லீக்: 2024-25 சீசன் எப்படி?

மைதானத்துக்குள் நடந்ததற்கு முழு மதிப்பெண் தரலாம், வெளியே நடந்ததற்குப் பாதிதான். 2017-ஓடு நின்றுபோன லீக் 2024 டிசம்பர் 28-ல் ஒடிசாவின் ரூர்கேலாவில் மறுபடி தொடங்கியபோது, இதுவும் ஒரே சீசனில் காணாமல் போய்விடக் கூடாதே என்ற கவலையோடுதான் பார்க்க உட்கார்ந்தேன். இரண்டாவது வாரத்துக்குள் அந்தக் கவலையே மறந்துபோகிற அளவுக்கு ஆட்டங்கள் இருந்தன.

ஆண்களில் எட்டு அணிகள், 44 ஆட்டங்கள். அணிக்கு 24 பேர், அதில் எட்டுப் பேர் வெளிநாட்டவர், இந்திய வீரர்களில் நான்கு ஜூனியர்கள் கட்டாயம். இந்தக் கடைசி விதியை யோசித்தவர்களைத் தனியாகப் பாராட்ட வேண்டும். நம் ஜூனியர் பையன் ஒருவன் தமிழ்நாடு டிராகன்ஸ் முகாமில் அயர்லாந்தின் டேவிட் ஹார்ட் நிற்கிற கோல்போஸ்ட்டைப் பார்த்துப் பந்தடித்துப் பழகுகிறான், நெதர்லாந்தின் ஜிப் யான்சன் டிராக் ஃப்ளிக்குக்கு, அதாவது பந்தை மட்டையால் இழுத்துச் சுழற்றி கோலுக்குள் வீசுகிற அடிக்கு, கால் வைக்கிற விதத்தைப் பக்கத்தில் நின்று கவனிக்கிறான் என்றால், எந்தப் பயிற்சி மையத்திலும் கிடைக்காத படிப்பு அது.

டிராக் ஃப்ளிக் என்றதும் சொல்லியாக வேண்டும், இந்த சீசன் பெனால்டி கார்னர் அடிப்பவர்களின் சீசன். எதிரணி தன் கோல் பக்கத்தில் தவறு செய்தால் கிடைக்கிற வாய்ப்புதான் பெனால்டி கார்னர், டிராக் ஃப்ளிக் அதில்தான் வரும். 2016, 2017 சீசன்களில் ஃபீல்டு கோலுக்கு, அதாவது கார்னர் இல்லாமல் ஆட்டத்தின் ஓட்டத்தில் அடிக்கிற கோலுக்கு, இரண்டு கோல் என்று கணக்கு வைத்திருந்தார்கள். இந்த முறை அதை எடுத்துவிட்டு, உலகம் முழுக்க ஆடுகிற அதே கணக்குக்குத் திரும்பிவிட்டார்கள். என்னைக் கேட்டால் சரியான முடிவு, ஏனென்றால் ஸ்கோரைப் பார்த்ததும் ஆட்டம் புரிய வேண்டும், மனக்கணக்குப் போட்டுக்கொண்டிருக்கக் கூடாது. ஆனால் அதனால் கார்னர் நிபுணர்களின் கை ஓங்கியது என்பதும் உண்மை. பிப்ரவரி 1 அன்று நடந்த இறுதிப்போட்டியையே பாருங்கள். ஒரு பக்கம் ஹைதராபாத் தூஃபான்ஸுக்கு கொன்சாலோ பெய்லாட், 2016-ல் அர்ஜென்டினாவுக்கு ஒலிம்பிக் தங்கம், பிறகு ஜெர்மனிக்கு மாறி 2023-ல் உலகக்கோப்பை என்று இரண்டு நாட்டுக்கு ஜெயித்துக் கொடுத்தவர். எதிரே ஷ்ராச்சி ராட் பெங்கால் டைகர்ஸுக்கு நம்ம ஜுக்ராஜ் சிங். அன்றைக்கு ஜுக்ராஜ் ஹாட்ரிக் அடித்தார், பெங்கால் 4-3 என்று கோப்பையைத் தூக்கியது. 3-3 என்று இழுபறியாக நின்றபோது வெற்றி கோலை அடித்தவர் நியூசிலாந்தின் சாம் லேன். கடைசிக் கால்மணி நேரத்தில் இரண்டு அணியும் பாதுகாப்பாக ஆட நினைக்கவே இல்லை, அதுதான் அந்த ஆட்டத்தின் அழகு.

ஏலத்தில் ஹர்மன்பிரீத் சிங்குக்கு 78 லட்சம் கொடுத்து, அதிக விலை கொடுத்த அணி என்று பேர் வாங்கிய சூர்மா மூன்றாவது இடத்தோடு நின்றது.

சரி, நம்ம டிராகன்ஸ். கேப்டன் அமித் ரோஹிதாஸ், பிளேக் கோவர்ஸ், டாம் கிரெய்க், அரியலூர்ப் பையன் செல்வம் கார்த்தி என்று பெயரைக் கேட்டாலே எதிரணி யோசிக்கிற கூட்டம். அரையிறுதி வரை போய், அங்கே பெங்கால் டைகர்ஸிடம் ஷூட்-அவுட்டில் விழுந்தார்கள். எட்டே விநாடி, கோல்கீப்பரும் ஒரு வீரரும் மட்டும், அதில் ஒரு சீசனின் உழைப்பு முழுவதும் முடிந்துபோவது மனசுக்கு ரொம்பக் கஷ்டம்தான். ஆனாலும் கோப்பையை எடுத்த அணியை அந்த அளவுக்கு நெருக்கினார்கள் என்பதில் எனக்குப் பெருமை.

என் பெரிய குறை இங்கேதான் வருகிறது. அணியின் பெயர் தமிழ்நாடு, ஆனால் சீசன் முழுக்க தமிழ்நாட்டில் ஓர் ஆட்டம்கூட இல்லை. ரூர்கேலா, ராஞ்சி, அவ்வளவுதான். ரூர்கேலாவைக் குறை சொல்ல முடியாது, இருபதாயிரம் இருக்கைகளோடு பிர்சா முண்டா ஸ்டேடியம் இருக்கிறது, அந்த ஊர் இருக்கிற சுந்தர்கர் மாவட்டமே ஹாக்கியில் ஊறியது, ரோஹிதாஸ் அந்த மண்ணின் பிள்ளை. போதாததற்கு இலவச அனுமதி வேறு. ஆனால் 2023-ல் ஆசிய சாம்பியன்ஸ் கோப்பையை நடத்திக் காட்டிய சென்னை மேயர் ராதாகிருஷ்ணன் ஸ்டேடியம் சும்மா கிடக்கும்போது, கோவில்பட்டியில் மட்டையைப் பிடிக்கிற ஒரு பிள்ளை தன் மாநில அணியை டிவியில் மட்டும்தான் பார்க்க முடியும் என்றால் அந்தப் பெயருக்கு என்ன அர்த்தம்? சொந்த ஊரில் ஆடாத அணிக்கு ரசிகர் எப்படிச் சேருவார், ஸ்பான்சர் எப்படி வருவார்? சீசன் முடிந்த பிறகு செலவு கட்டுப்படியாகவில்லை என்று யூபி ருத்ராஸ் அணி லீக்கிலிருந்து விலகியபோது எனக்கு ஆச்சரியமே வரவில்லை. அடுத்த சீசனில் சென்னைக்கும் ஆட்டங்கள் கொடுத்தார்கள், அதை முதல் வருஷமே செய்திருக்கலாம்.

அப்புறம் பெண்கள் லீக். இதுதான் முதல் தடவை. நான்கே அணிகள், ஜனவரி 12-ல் தொடங்கி 26-ல் முடிந்துவிட்டது. ஆண்களுக்கு முதல் பரிசு 3 கோடி, பெண்களுக்கு 1.5 கோடி. அணிகள் குறைவு, நாட்கள் குறைவு, பணமும் குறைவு, இருந்தும் ஆட்டத்தில் குறை வைக்கவில்லை. இறுதியில் ருதுஜா பிசல் இரண்டு கோல் அடிக்க, ஒடிசா வாரியர்ஸ் 2-1 என்று சூர்மாவை வென்றது. நடந்த இடம் ராஞ்சி. ஒரு வருஷம் முன்னால், 2024 ஜனவரியில், இதே ஊரில்தான் நம் பெண்கள் ஜப்பானிடம் தோற்று பாரிஸ் ஒலிம்பிக் வாய்ப்பை இழந்தார்கள். அந்தத் தோல்விக்குப் பதில் இந்த மாதிரி ஒரு லீக்தான், அதுவும் இன்னும் பெரிதாக, குறைந்தது ஆறு அணிகளோடு.

புதிதாக ஹாக்கி பார்க்கத் தொடங்குகிறவர்கள் முதலில் ஆண்கள் இறுதிப்போட்டியைப் பாருங்கள், அது பிடித்திருந்தால் டிராகன்ஸின் அரையிறுதி. கார்னர் வரும்போது அடிப்பவரை விட்டுவிட்டு, முகமூடி மாட்டிக்கொண்டு பந்தை நோக்கி நேராக ஓடுகிற முதல் டிஃபெண்டர் மேல் கண்ணை வையுங்கள்.